மலையகத்தில் இருந்தபடியே ஜப்பானிய மெய்நிகர்க் கலைஞர்களுக்கு ரசிகராவது எப்படி?

பாடி ஆடும் இளம் மேடைக் கலைஞர்களான ஜப்பானிய ஐடல்களைப் பின்தொடர வேண்டுமானால் டோக்கியோவில் இருக்க வேண்டும், அது முடியாவிட்டால் கொழும்பிலாவது இருக்க வேண்டும் என்ற எண்ணம் மஸ்கெலியாவிலும் பொகவந்தலாவையிலும் பண்டாரவளையிலும் உள்ள இளைஞர் பலரிடம் இருக்கிறது. ஐடல் உலகின் ஒரு பகுதிக்கு அந்த எண்ணம் பொருந்தும். அரங்குக்குப் போய், வரிசையில் நின்று, கைகுலுக்கித் திரும்பும் ரசிகர்களை வைத்து வளர்ந்த பகுதி அது. வரைபட உருவமாகத் தோன்றும் மெய்நிகர்க் கலைஞர்களின் மேடையோ திரையிலேயே இருக்கிறது. டோக்கியோவின் அகிஹபாராவில் வாடகை அறையில் இருப்பவருக்கும் தலவாக்கலையில் லயத்துக் காம்பராவில் இருப்பவருக்கும் அந்த மேடை ஒரே தூரத்தில் இருப்பதால், நம் பக்கத்துப் பிள்ளைகள் அந்த வாசல் வழியாக உள்ளே போவதே நல்லது என்பது என் உறுதியான கருத்து. அப்படிப் போகிறவர்களுக்கு உதவும் விதத்தில், யாரைத் தேர்ந்தெடுப்பது, எந்த நேரத்தில் பார்ப்பது, டேட்டாவை எப்படிச் சேமிப்பது, அரட்டைப் பகுதியில் எப்படி நடந்துகொள்வது, பணத்தை எங்கே நிறுத்திக்கொள்வது என்பவற்றை இங்கே எழுதுகிறேன்.

யாரைப் பின்தொடர்வது?

ஜப்பானில் ஐடல் என்றால் பாடவும் ஆடவும் ரசிகர்களோடு உறவாடவும் மேடையேறும் இளம் கலைஞர் என்று பொருள். ரசிகர்கள் அவரிடம் தேடுவது தேர்ந்த திறமையை மட்டுமல்ல. தடுமாறித் தொடங்கும் ஒருவர் மேடைக்கு மேடை தேறி வருவதை உடனிருந்து பார்ப்பதில்தான் இந்த ரசனையின் உயிர் இருக்கிறது. 1997இல் உருவான மோர்னிங் முசுமே குழுவில் மூத்தவர்கள் விடைபெற்றுப் போவதும் புதியவர்கள் சேர்வதும் தலைமுறை தலைமுறையாக நடந்து வருகின்றன. 2005 டிசம்பரில் ஏகேபி48 குழு அகிஹபாராவிலுள்ள தன் சொந்த அரங்கில் முதல் நிகழ்ச்சியை நடத்தியபோது சீட்டு வாங்கி வந்த பொதுமக்கள் ஏழு பேர்தான். சில ஆண்டுகளில் அதே குழு நாடறிந்த பெயராயிற்று. அந்தக் குழுவை உருவாக்கிய யசுஷி அகிமோட்டோ, நேரில் சந்திக்கக்கூடிய ஐடல் என்ற எண்ணத்தை மையமாக வைத்தார். கைகுலுக்கும் நிகழ்ச்சிக்கான சீட்டும், 2009 முதல் 2018 வரை ஆண்டுதோறும் நடந்த ரசிகர் வாக்கெடுப்புக்கான வாக்குச்சீட்டும் சிடி உறைக்குள் வைத்து விற்கப்பட்டன. ஒரே சிடியை நூற்றுக்கணக்கில் வாங்கியவர்கள் உண்டு. ஜகார்த்தாவில் 2011இலும் பாங்கொக்கில் 2017இலும் சகோதரக் குழுக்கள் தோன்றிய பிறகும், இந்த முறை நம்மைப் போல் தொலைவில் இருப்பவர்களுக்கு உகந்ததாக மாறவில்லை. முதல் வாசலான இந்தக் குழுக்களின் பாடல்களைக் கேளுங்கள், ஆட்டத்தை ரசியுங்கள். ஆனால் உங்கள் ரசிக வாழ்க்கையின் அடித்தளத்தை அங்கே போட வேண்டாம் என்றே சொல்வேன்.

இரண்டாவது வாசல் ஹட்சுனே மிக்கு. சப்போரோ நகரிலுள்ள கிரிப்டன் ஃபியூச்சர் மீடியா நிறுவனம், யமஹாவின் வோக்கலாய்ட் தொழில்நுட்பத்தைக் கொண்டு 2007 ஆகஸ்ட் 31 அன்று வெளியிட்ட பாட்டு மென்பொருள் அது. குரல் நடிகை சகி ஃபுஜிதாவின் குரலைத் துண்டு துண்டாகப் பதிவு செய்து, நாம் எழுதும் மெட்டையும் சொல்லையும் பாடும்படி அமைத்தார்கள். நீண்ட பச்சைநீலச் சடைகள் கொண்ட உருவத்தை கேய் என்ற ஓவியர் வரைந்தார். மிக்குவின் பாடல்களை எழுதுவது ஒரு நிறுவனம் அல்ல. மென்பொருளை வாங்கிய ஆயிரக்கணக்கானோர் தத்தம் வீட்டிலிருந்து எழுதி இணையத்தில் ஏற்றிய பாடல்களால்தான் அந்தப் பெயர் வளர்ந்தது. இன்று ஜப்பானின் முன்னணிப் பாடகர்களுள் ஒருவரான கென்ஷி யொனெசு, ஹாச்சி என்ற புனைபெயரில் வோக்கலாய்ட் பாடல்களை வெளியிட்டே அறிமுகமானார். மிக்குவுக்கு ரசிகராவது என்றால் அந்தப் பாடல்களை எழுதுபவர்களுக்கு ரசிகராவது என்றே கொள்ள வேண்டும். ஆகவே ஒரு பாடல் பிடித்துப்போனால் கீழே விவரக்குறிப்பில் உள்ள பெயரைக் குறித்துக்கொண்டு, அதே ஆளின் மற்றப் பாடல்களைத் தேடிப் போங்கள்.

மூன்றாவது வாசல் விடியூபர்கள். மனிதர் ஒருவரின் முக அசைவையும் உடல் அசைவையும் கெமராவும் கருவிகளும் பிடித்து வரைபட உருவத்துக்கு மாற்ற, அந்த உருவம் நேரலையில் பேசும், பாடும், விளையாடும். 2016இன் இறுதியில் கிசுனா ஐ தன்னை மெய்நிகர் யூடியூபர் என்று அறிமுகப்படுத்திக்கொண்டதிலிருந்து இந்தப் பெயர் பரவிற்று. கவர் நிறுவனத்தின் விடியூபர் குழுவான ஹொலோலைவ் 2017 செப்டம்பரில் டோகினோ சோராவோடு தொடங்கியது. நிஜிசஞ்சி என்ற இன்னொரு குழு 2018 பெப்ரவரியில் வந்தது. 2020இல் ஹொலோலைவுக்கு இந்தோனேசியக் கிளையும் ஆங்கிலக் கிளையும் பிறந்த பிறகு, ஜப்பானிய மொழி தெரியாதவர்களுக்கும் கதவு அகலமாகத் திறந்தது.

இவர்களுள் ஒருவரைத் தேர்ந்தெடுப்பதில் அவசரம் வேண்டாம். ரசிகர் தன் மனத்துக்கு உரியவராக வரித்துக்கொள்ளும் கலைஞரை ஜப்பானில் ஒஷி என்கிறார்கள். புதிதாக வருகிறவர்கள் மூன்று நிமிடத் துணுக்குகளைப் பார்த்தே ஒஷியை முடிவுசெய்கிறார்கள்; துணுக்கில் எல்லோரும் நகைச்சுவையாளராகவே தெரிவார்கள். ஒருவரின் இயல்பை அறிய மூன்று விதமான நேரலைகளைப் பார்க்க வேண்டும்: எந்தத் திட்டமும் இல்லாமல் பேசிக்கொண்டிருக்கும் ஒன்று, பாட்டு நேரலை ஒன்று, தோற்றுப்போகும் ஒரு விளையாட்டு நேரலை. தோல்வியை எப்படி ஏற்கிறார், ரசிகர் எழுதுவதை எப்படி வாசிக்கிறார், பேசாமல் இருக்கும் இடங்களில் உங்களுக்கு அலுப்புத் தட்டுகிறதா என்பவற்றைக் கவனியுங்கள். மூன்று மணி நேரம் அருகில் வைத்துக்கொள்ள முடியாத குரலை மூன்று ஆண்டு பின்தொடர முடியாது. ஒரு குழு முழுவதையும் ஒஷியாகக் கொள்கிறவர்களும் இருக்கிறார்கள். ஆனால் நேரமும் டேட்டாவும் குறைவாக உள்ள நாம் ஒருவரிடமிருந்து தொடங்குவதே ஏற்றது.

உதாரணத்துக்கு ஹொஷிமாச்சி சுய்செய்யைப் பாருங்கள். 2018 மார்ச்சில் எந்த நிறுவனத்தையும் சாராமல், தானே வரைந்த உருவத்தோடு வந்து, 2019இன் இறுதியில் ஹொலோலைவில் சேர்ந்து, 2025 பெப்ரவரி 1 அன்று டோக்கியோவின் நிப்பொன் புடோக்கான் அரங்கில் தனிக்கச்சேரி நடத்தினார். பழைய நேரலைகளையும் புதியவற்றையும் மாறி மாறிப் பார்க்கும்போது அந்தப் பயணம் உங்கள் காதிலேயே விளங்கும். சிரிப்பும் சேட்டையும் வேண்டுமானால் இந்தோனேசியக் கிளையின் கோபோ கனாயெரு இருக்கிறார். 2022இல் வந்த அவருடைய கதாபாத்திரம் மழையை வரவழைக்கும் சிறுமி. தென்மேற்குப் பருவக்காற்று மாதக்கணக்கில் நின்று பெய்யும் நம் பக்கத்தில் அவருக்குத் தனி உரிமையே கோரலாம்.

நேரமும் டேட்டாவும்

ஜப்பானிய நேரம் நம் நேரத்துக்கு மூன்றரை மணி நேரம் முந்தியது. இரு நாட்டிலும் பருவத்துக்கேற்ப நேரத்தை மாற்றும் வழக்கம் இல்லாததால் இந்தக் கணக்கு ஆண்டு முழுவதும் மாறாது. அங்கே இரவு 8 மணி என்றால் இங்கே பிற்பகல் 4.30, அங்கே 10 மணி என்றால் இங்கே மாலை 6.30. ஜப்பானிய ரசிகர் வேலை முடிந்து சாப்பிட்டு அமரும் நேரம் நமக்குப் பாடசாலை விட்டு வந்த நேரமாக அமைவது நமக்குக் கிடைத்த வாய்ப்பு. ஜகார்த்தா நம்மைவிட ஒன்றரை மணி நேரமே முந்தியது. ஆங்கிலக் கிளையினர் பல நாடுகளில் இருப்பதால் அவர்களுக்குப் பொதுவான கணக்குச் சொல்ல முடியாது. ஒவ்வொருவரின் வாரப் பட்டியலையும் பார்த்துத்தான் அறிய வேண்டும்.

வாரப் பட்டியலை வாசிக்கும்போது ஒன்றை மறக்கக் கூடாது. ஜப்பானியர் நள்ளிரவுக்குப் பிந்திய நேரத்தையும் முந்திய நாளோடு சேர்த்து 24 மணி, 25 மணி, 26 மணி என்று எழுதுவார்கள். சனிக்கிழமை 25 மணி என்று இருந்தால் அது அங்கே ஞாயிறு அதிகாலை 1 மணி. நமக்குச் சனிக்கிழமை இரவு 9.30. இதை அறியாமல் ஒரு நாள் பிந்திப் போகிறவர்கள் ஏராளம். யூடியூப்பில் முன்கூட்டியே வைக்கப்பட்ட நேரலைப் பக்கம் உங்கள் கைத்தொலைபேசியின் நேரத்தையே காட்டுவதால், அங்கேயே மணிச்சின்னத்தைத் தொட்டு நினைவூட்டல் வைத்துவிடுவது எல்லாவற்றிலும் பாதுகாப்பானது.

டேட்டாவைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனெனில் மலையகத்து ரசிகரின் பாதி வேலை அதில்தான் இருக்கிறது. 480பி தரத்தில் ஒரு மணி நேரம் பார்த்தால் ஏறத்தாழ அரை ஜிகாபைட் செலவாகும். 144பி தரத்தில் அதன் ஐந்தில் ஒரு பங்களவே போகும். பேச்சு நேரலையில் உருவம் தலையை ஆட்டிக் கண் சிமிட்டுவதைத் தவிரப் பெரிதாக அசைவதில்லை ஆதலால் 144பி தாராளமாகப் போதும். ஒலி தெளிவாகவே வரும். விளையாட்டு நேரலைக்கு 360பி வேண்டும். கச்சேரிகளை மட்டுமே உயர்ந்த தரத்தில் பார்க்க வேண்டும், அதையும் டவுனில் வைஃபை உள்ள உறவினர் வீட்டில் இருக்கும் நாளுக்கு வைத்துக்கொள்ளலாம். யூடியூப் தானாகத் தரத்தை உயர்த்திக்கொள்ளும் இயல்புடையது. எனவே அமைப்புக்குள் சென்று, மொபைல் டேட்டாவில் குறைந்த தரமே வர வேண்டும் என்று நிரந்தரமாக வைத்துவிடுங்கள்.

பல டேட்டா பொதிகளில் நள்ளிரவுக்குப் பிறகு பயன்படுத்துவதற்கென்று தனியாக ஒரு பங்கு இருக்கும். பெரும்பாலான வீடுகளில் அது வீணே காலாவதியாகிறது. நேரலை முடிந்ததும் பதிவு அதே பக்கத்தில் இருக்கும் என்பதால், முதல் அரை மணி நேரத்தை மட்டும் நேரலையில் மற்ற ரசிகர்களோடு சேர்ந்து பார்த்துவிட்டு, எஞ்சியதை அந்த இரவுப் பங்கிலோ விடியற்காலையிலோ பார்க்கலாம். இதற்கு ஒரு விலக்கு உண்டு. பாட்டு நேரலைகள் சிலவற்றின் தலைப்பிலேயே பதிவு வைக்கப்படாது என்று எழுதியிருப்பார்கள். பாடல் உரிமைகள் காரணமாக அவை முடிந்த கையோடு மறைக்கப்பட்டுவிடும். உங்கள் பகல் டேட்டாவை அத்தகைய மாலைகளுக்காகச் சேமித்து வையுங்கள். வாரப் பட்டியல் வந்ததும் எது பதிவில் கிடைக்கும், எது கிடைக்காது என்று இரண்டாகப் பிரித்துக் குறித்துக்கொள்ளும் பழக்கம் வந்துவிட்டால், சிறிய பொதியிலேயே மாதத்தைத் தள்ளிவிடலாம்.

மழையிலும் மூடுபனியிலும் சிக்னல் குறைவது நம் பகுதியில் புதிதல்ல. உயர்ந்த தரத்தில் தடைப்பட்டுத் தடைப்பட்டு வருவதைவிட 144பியில் தடையின்றி வருவதே மேல். லயத்தில் சுவர் ஒன்றே இரு குடும்பத்துக்குப் பொதுவாகவும் கூரை எல்லோருக்கும் பொதுவாகவும் இருப்பதால், காதில் மாட்டும் இயர்ஃபோன் இல்லாமல் பார்ப்பது அடுத்த காம்பராவில் விடியற்காலையில் எழும்பிக் கொழுந்துக்குப் போக வேண்டியவரின் தூக்கத்தைக் கெடுக்கும். வீட்டில் ஒரே கைத்தொலைபேசி இருக்குமானால், எந்த மாலைகள் உங்களுக்கு வேண்டும் என்பதை வாரத் தொடக்கத்திலேயே அம்மாவிடம் சொல்லிக் கேட்டுக்கொள்ளுங்கள். பொம்மைப் படத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறாள் என்று வீட்டில் கோபிக்கிறவர்களுக்கு விளக்கவுரை எதுவும் பயன்படாது; நல்ல பாட்டு ஒன்றை முழுமையாகக் கேட்கச் செய்யுங்கள்.

அரட்டைப் பகுதியில் நடந்துகொள்ளும் முறை

நேரலையின் ஓரத்தில் ஓடும் அரட்டைதான் இந்தக் கலையின் இரண்டாவது மேடை. அதில் எழுதாமல் வாசித்துக்கொண்டிருப்பதும் முழுமையான பங்கேற்பே. முதல் சில வாரங்கள் அப்படியே இருப்பது நல்லது. கைதட்ட வேண்டுமானால் 8 என்ற எண்ணை வரிசையாக 88888 என்று தட்டுங்கள். ஜப்பானிய மொழியில் அந்த எண்ணின் ஓசை கைதட்டும் ஓசையை நினைவூட்டுவதால் எல்லோருக்கும் புரியும். சிரிப்புக்குப் புல் என்று பொருள்படும் எழுத்து ஒன்றைப் போடுவார்கள். ஒவ்வொரு கலைஞருக்கும் ஒரு நிறம், ஒரு சின்னம், ரசிகர்களுக்கென ஒரு பெயர், நேரலைக்கு ஒரு குறிச்சொல், ரசிகர் ஓவியத்துக்கு வேறொரு குறிச்சொல் இருக்கும். இவை அலைவரிசையின் விவரக்குறிப்பில் எழுதப்பட்டிருக்கும். முதலில் அதை வாசிக்க வேண்டும்.

செய்யக் கூடாதவற்றில் முதன்மையானது, கலைஞர் தாமாகப் பேச்செடுக்காதபோது வேறொரு கலைஞரின் பெயரை இழுப்பது. இன்னார் இப்போது இன்ன விளையாட்டை ஆடுகிறார் என்று ஒருவரின் செய்தியை மற்றவரிடம் கொண்டுபோய்ச் சேர்ப்பவரை ஜப்பானிய ரசிகர்கள் தூதுபோகும் புறா என்று சொல்லி வெறுப்பார்கள். விளையாட்டில் அடுத்து எங்கே போக வேண்டும் என்று கேட்காமலே வழிகாட்டுவதும், கதையின் முடிவைச் சொல்லிவிடுவதும் அதேபோல. ரசிகர்கள் தங்களுக்குள் உரையாடிக்கொள்வதும் அங்கே முறையல்ல. அதற்கு உங்கள் நண்பர் குழு இருக்கிறது. உங்கள் பாடசாலை, தோட்டம், தொலைபேசி எண் போன்றவற்றைப் பொது அரட்டையில் எழுதவே கூடாது.

எல்லாவற்றிலும் முக்கியமானது உருவத்தின் பின்னால் இருக்கும் மனிதரைப் பற்றிய ஒழுக்கம். அவருடைய உண்மைப் பெயர், முகம், முன்னர் வேறு பெயரில் இயங்கினாரா என்பன பற்றித் துருவுவதும், தெரிந்ததைப் பரப்புவதும் இந்த ரசிக உலகின் மிகப் பெரிய குற்றங்கள். நமக்கு இதை விளங்கிக்கொள்வது கடினமல்ல. மாசியில் காமன் கூத்து நடக்கும் இரவில் மன்மதன் வேடம் கட்டி நிற்பவர் எந்த வீட்டுப் பிள்ளை என்பது தோட்டம் முழுவதற்கும் தெரியும்; ஆனாலும் கூத்துக் களத்தில் நிற்பவர் மன்மதன்தான், வீட்டுப் பெயர் சொல்லி அவரைக் கூப்பிடுவது கூத்துக்குச் செய்யும் அவமரியாதை. விடியூபர் விடயத்தில் அந்த மரியாதையோடு பாதுகாப்பும் சேர்கிறது. பெயரும் முகவரியும் வெளிப்பட்டால் அந்தரங்கம் குலையும், பின்தொடர்ந்து வந்து தொல்லை கொடுப்பவர்களுக்கு வழி திறந்துவிடும். ஆகவே அத்தகைய தகவல் உங்களுக்கு வந்துசேர்ந்தால் அனுப்பியவரிடம் நிறுத்தச் சொல்லுங்கள். நீங்கள் யாருக்கும் அனுப்பாதீர்கள்.

இதன் மறுபக்கமும் உண்டு. நேரலையில் உங்கள் பெயரை வாசித்து நன்றி சொன்ன குரல் உங்களை அறிந்த குரல் அல்ல. அந்த அன்பு உண்மையானது, ஆனால் அது எல்லா ரசிகருக்கும் பொதுவாகத் தரப்படுவது. மனம் சோர்ந்த காலத்தில் ஒஷியின் குரல் துணையாக இருப்பதில் தவறேதும் இல்லை. பேச வேண்டிய துன்பத்தை மட்டும் அக்காவிடமோ ஆசிரியரிடமோ தோழியிடமோ பேசுங்கள்.

பணம்

அரட்டையில் நிறத்தோடு மின்னும் கட்டணச் செய்திகள், மாதாந்த உறுப்புரிமை, பிறந்தநாள் நினைவுப்பொருள், இணையக் கச்சேரிச் சீட்டு என்று செலவழிக்கும் வழிகள் பல. ஒரு சிடியின் விலையோடு அனுப்பும் கட்டணத்தையும் சுங்கத் தீர்வையையும் சேர்த்தால் தோட்டத்தில் பல நாள் பேர் போட்டு உழைத்த சம்பளம் போய்விடும். எனவே கட்டணச் செய்தியும் பொருள்களும் நமக்கு அவசியமில்லை என்றே கருதுகிறேன். அவ்வாறு அனுப்பாதவர் குறைந்த ரசிகர் என்று அந்த உலகில் மதிப்புள்ள எவரும் சொல்வதில்லை; பார்வை, விருப்பக்குறி, பகிர்வு, நல்ல கருத்து, ஓவியம் எல்லாம் கலைஞருக்குப் போய்ச் சேர்பவை. சொந்தமாக உழைத்துச் சம்பாதிக்கிறவர்கள் ஆண்டுக்கொரு முறை இணையக் கச்சேரிச் சீட்டு வாங்கினால் அந்தப் பணம் தகும். சீட்டு வாங்கியவர்கள் அதன் பதிவைப் பிறகும் சில காலம் திரும்பப் பார்க்க முடிவது வழக்கம். சீட்டுப் பக்கத்தில் பதிவு எந்தத் திகதி வரை இருக்கும் என்பதைப் பார்த்து வாங்குங்கள். 18 வயதுக்கு உட்பட்டவர்கள் பெற்றோரின் வங்கி அட்டையை அவர்கள் அறியாமல் பயன்படுத்தக் கூடாது. 2020இல் ஜப்பானில் வெளியான ப்ராஜெக்ட் செகாய் போன்ற கைத்தொலைபேசி விளையாட்டுகளில் பணம் கட்டிக் குலுக்கல் முறையில் கதாபாத்திர அட்டைகளைப் பெறும் பகுதியில் ஒரு சதமும் போடாமலே பாடல்களை ஆடி மகிழலாம்.

அதையும் மீறி ஒரு பொருளை வரவழைக்க முடிவுசெய்தால் முகவரியை முதலில் தீர்த்துக்கொள்ளுங்கள். பல தோட்டங்களில் லயத்துக்குத் தனி முகவரி இல்லாமல் கடிதங்கள் தோட்டக் காரியாலயத்துக்கே வருகின்றன; சுங்கத் தீர்வை செலுத்திப் பெற வேண்டிய பொதியின் அறிவித்தல் அங்கே கிடந்து கெடு தாண்டிவிடக்கூடும். ஹட்டனிலோ நுவரெலியாவிலோ பதுளையிலோ கடை வைத்திருக்கும் உறவினரின் முகவரியை அவருடைய சம்மதத்தோடு கொடுப்பதும், பல நண்பர்கள் சேர்ந்து ஒரே பொதியாக வரவழைத்து அனுப்பும் கட்டணத்தைப் பங்கிடுவதும் நல்ல வழிகள்.

நண்பர்களோடு கூடிப் பார்ப்பது

நான்கைந்து பேர் சேர்ந்தால் ஒரு கச்சேரியைக் கச்சேரியாகவே பார்க்கலாம். யூடியூப்பில் நிறுவனங்களே இலவசமாக வெளியிடும் கச்சேரிப் பகுதிகள் இதற்கு உகந்தவை. கட்டணச் சீட்டில் வரும் நிகழ்ச்சியைப் பலருக்குத் திரையிட அனுமதி இல்லை. மிக்குவின் கச்சேரியில் உருவம் ஒளி ஊடுருவும் திரையில் வீசப்பட, பின்னால் மனித இசைக்குழு நேரில் வாசிக்கிறது. 2013இலிருந்து நடக்கும் மெஜிக்கல் மிராய் கச்சேரிகளின் பகுதிகளைப் பார்த்தால் இது விளங்கும். ரசிகர்கள் கையில் அசைக்கும் நிறவிளக்கு அங்கே விலையுயர்ந்த பொருள். நமக்கோ வெசாக் கூடுகளுக்கு விற்கும் நிறக் கண்ணாடித்தாள் டவுனில் சில ரூபாய்க்குக் கிடைக்கும். கைத்தொலைபேசி டோர்ச்சின் மீது ஒரு மடிப்புச் சுற்றிக் கட்டினால் அதே நிறம் வரும். மிக்குவுக்குப் பச்சைநீலம்; அவரோடு மேடையேறும் அதே நிறுவனத்தின் மற்றப் பாத்திரங்களில் ரின்னுக்கும் லென்னுக்கும் மஞ்சள், லூக்காவுக்கு இளஞ்சிவப்பு, மெய்க்கோவுக்குச் சிவப்பு, கய்ட்டோவுக்கு நீலம். பாடல் மாறும்போது நிறத்தையும் மாற்ற வேண்டும் என்பதால் தாள்களை முன்பே வெட்டி, பாடல் வரிசையில் அடுக்கி வைத்துக்கொள்வது நல்லது. விளக்கை நெஞ்சளவுக்கு மேல் உயர்த்திப் பின்னால் இருப்பவரின் பார்வையை மறைக்கக் கூடாது என்பதும் அங்கே ரசிகர்கள் தமக்குள் பேணும் மரியாதை.

ஆகஸ்ட் 31 மிக்குவின் பிறந்தநாள். 3, 9 என்ற எண்களை மி, கு என்று வாசிக்கலாம் என்பதால் மார்ச் 9உம் அவருடைய நாளாகவே கொண்டாடப்படுகிறது. ஆகஸ்டில் ஹட்டன், மஸ்கெலியா பக்கங்களில் காற்றோடு மழை நிற்காது, மின்சாரமும் நம்பத்தக்கதல்ல. தோட்டத்து வாசிகசாலையையோ தனியார் வகுப்பு அறையையோ கேட்டு வாங்கிக் கூடுவதாயின் மார்ச் நாளே வசதியானது.

மொழியும் தமிழ் வசனவரியும்

ஜப்பானிய மொழியைக் கற்க விரும்பினால் ஹிரகானாவின் 46 அடிப்படை எழுத்துகளிலிருந்து தொடங்குங்கள்; அடுத்து கட்டகானா. வினைச்சொல் இறுதியில் வருவதும், வேற்றுமை உருபு போன்ற இடைச்சொற்கள் பெயருக்குப் பின்னால் ஒட்டுவதும் தமிழ் பேசுகிறவருக்கு இயல்பாகவே படும். க.பொ.த. உயர்தரப் பரீட்சையில் ஜப்பானிய மொழியை ஒரு பாடமாக எடுக்க முடியும். களனிப் பல்கலைக்கழகத்திலும் கற்பிக்கிறார்கள். தொடக்க நிலையான என்5 முதல் உயர்ந்த நிலையான என்1 வரையான ஜப்பானிய மொழித் தகுதித் தேர்வைக் கொழும்பில் எழுதலாம். ஒஷியின் பேச்சைப் புரிந்துகொள்ள எடுத்த முயற்சி ஜப்பானில் வேலைக்கு விண்ணப்பிக்கும் நாளில் சான்றிதழாகவும் கைகொடுக்கும்.

கொஞ்சம் மொழி பிடிபட்டதும் செய்யத்தக்க அருமையான பணி ஒன்று இருக்கிறது. பார்வையாளரே வசனவரி எழுதிச் சேர்க்கும் வசதியை யூடியூப் 2020 செப்டம்பரில் நிறுத்திவிட்டதால், நேரலையின் சுவையான பகுதிகளை வெட்டி மொழிபெயர்த்து வெளியிடும் ரசிகர்களே இப்போது பாலமாக இருக்கிறார்கள். ஆங்கிலத்திலும் இந்தோனேசிய மொழியிலும் அத்தகையோர் நிறைய. தமிழில் அந்த இடம் பெரும்பாலும் காலியாகவே கிடக்கிறது. இரண்டு நிமிடத் துணுக்கு ஒன்றை எடுத்து, தமிழ் வசனவரி இட்டு வெளியிடுங்கள். அதற்கு முன் அந்தந்த நிறுவனம் வெளியிட்டுள்ள ரசிகர் படைப்பு விதிகளை வாசிக்க வேண்டும். மூல நேரலையின் இணைப்பைக் கொடுக்க வேண்டும், உறுப்பினருக்கு மட்டுமான நேரலையை வெட்டக் கூடாது, பேசியதன் பொருள் திரியும்படி துண்டாடக் கூடாது. மிக்குவின் உருவத்தை வரைவதற்கும் கிரிப்டன் நிறுவனம் இலாப நோக்கற்ற பயன்பாட்டுக்குத் தாராளமான அனுமதி தந்திருக்கிறது. விற்பனைக்கு என்றால் தனியாக அனுமதி பெற வேண்டும்.

நீங்களே ஒரு விடியூபராக விரும்பினால் விரோய்ட் ஸ்டூடியோ என்ற கணினி மென்பொருளில் முப்பரிமாண உருவத்தை இலவசமாகச் செய்துகொள்ளலாம். கணினி இல்லாதவர்கள் ரியலிட்டி என்ற செயலியில் கைத்தொலைபேசியை மட்டும் வைத்துத் தொடங்கலாம். நம் பகுதியில் பதிவேற்ற வேகம் நம்பிக்கையானதல்ல என்பதால் நேரலையைவிடப் பதிவுசெய்து ஏற்றுவதே முதலில் கைகூடும்.

விடைபெறும் நாள்

எந்த ஒஷியும் ஒருநாள் மேடையைவிட்டு இறங்குவார். அதை ஐடல் உலகில் பட்டமளிப்பு என்றே சொல்வார்கள். கிசுனா ஐ 2022 பெப்ரவரியில் ஓய்வுக்குப் போய்ச் சில ஆண்டுகள் கழித்துத் திரும்பி வந்தார். ஹொலோலைவ் ஆங்கிலக் கிளையின் முதல் ஐவருள் ஒருவரான கவ்ர் குரா 2025 மே 1 அன்று விடைபெற்றார். அறிவிப்பு வந்ததும் காரணம் தேடி ஊகங்களைப் பரப்புவதும், நிறுவனத்தையோ சக கலைஞரையோ வசைபாடுவதும் அவருடைய கடைசி நாள்களையே கெடுக்கும். பழைய பதிவுகள் தொடர்ந்து இருக்குமா என்பதை அறிவிப்பில் பாருங்கள். நீக்கப்படும் என்றால் உங்களுக்குப் பிடித்தவற்றைப் பட்டியலிட்டு, இரவு டேட்டாவில் ஒவ்வொன்றாகத் திரும்பப் பார்த்துவிடுங்கள். கடைசி நேரலை நீளமாகவே இருக்கும். அந்த வாரத்தின் டேட்டாவை அதற்கென்று ஒதுக்கி, கைத்தொலைபேசியை முழுமையாக சார்ஜ் செய்து, தரத்தை 144பியில் வைத்துவிடுங்கள். அன்று அரட்டை கண்மூடித் திறப்பதற்குள் ஓடும் என்பதால், சொல்ல விரும்பும் நன்றியை ஹிரகானாவில் முன்பே எழுதி நகலெடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.